பத்து வெற்றியும் எழுபத்தொரு ஓட்டும்

"மலருக்கு ஏதாவது எழுதித் தாங்க சார். ஆனா ஹாஸ்டல் சாம்பார் கதை மட்டும் வேண்டாம், அது போன மலர்லயே நாலு பேர் எழுதிட்டாங்க" என்று மலர்க் குழுத் தம்பி கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். வரலாற்றுத் துறையில் படித்தவன் வரலாறு எழுதுவதுதானே முறை? அதனால் நாற்பது வருஷமாக மனசில் கிடக்கும் ஒரு கேள்வியிலிருந்து தொடங்குகிறேன்.

எங்கள் வகுப்பறைச் சுவரில் பழைய சென்னை மாகாணத்தின் படம் ஒன்று தொங்கும். ஓரம் கிழிந்த படம். மலபார் கரைக்கு மேற்கே நீலக் கடலில் சில புள்ளிகள் இருக்கும். மை தெறித்தது என்றுதான் நாங்கள் நினைத்திருந்தோம். ஒருநாள் எங்கள் பேராசிரியர் அந்தப் புள்ளிகளைக் குச்சியால் தட்டி, "இங்கேயும் மனுஷன் இருக்கான்யா. அவனுக்கும் கலெக்டர் உண்டு, சட்டம் உண்டு. ஆனா அவன் பேச்சை எவன் கேட்டான்?" என்றார். வகுப்பில் ஒருவருக்கும் பதில் தெரியவில்லை.

அந்தப் புள்ளிகள்தான் லட்சத்தீவு. 1956 அக்டோபர் வரை அவை நம் சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்திருந்தவை. லட்சத்தீவும் மினிக்காயும் மலபார் மாவட்டத்தில், அமினிதிவித் தீவுகள் தென் கன்னட மாவட்டத்தில். ஒரு கலெக்டர் கோழிக்கோட்டில், இன்னொருவர் மங்களூரில். குறை சொல்ல வேண்டுமானால் கடல் தாண்ட வேண்டும். மழைக்காலத்திலோ சிறிய ஓடங்கள் கடலில் இறங்கவே முடியாது. நம் வீட்டுச் சமையலில் மணக்கும் மாசிக் கருவாடு மினிக்காயிலும் மாலத்தீவிலும் பக்குவமாகும் சூரை மீன்தான். மாசியை நமக்குத் தெரியும். அதைச் செய்தவர்களைத் தெரியாது.

1956 நவம்பர் 1 அன்று மொழிவழி மாநிலங்கள் பிறந்தபோது தீவுகள் மத்திய ஆட்சிப் பகுதியாயின. 1964-ல் தலைமையிடம் கோழிக்கோட்டிலிருந்து கவரத்தித் தீவுக்குப் போயிற்று. 'லட்சத்தீவு' என்ற பெயர் 1973-ல் வந்தது. மொத்த நிலம் 32 சதுர கிலோமீட்டர்தான். 2011 கணக்கெடுப்பில் ஜனத்தொகை 64,473. சட்டமன்றம் கிடையாது, முதலமைச்சர் கிடையாது. டில்லி அனுப்பும் நிர்வாக அதிகாரி உண்டு. மக்கள் சார்பில் டில்லிக்குப் போகக்கூடியவர் ஒரே ஒரு எம்.பி. மட்டுமே. அந்த எம்.பி.யையும் முதல் பத்து வருஷம் ஜனங்கள் தேர்ந்தெடுக்கவில்லை. 1957 முதல் 1967 வரை கே. நல்லகோயா தங்ஙள் ஜனாதிபதியின் நியமனத்தால்தான் மக்களவையில் இருந்தார்.

1967-ல் முதன்முறையாகத் தீவுக்காரர்கள் ஓட்டுப் போட்டு எம்.பி.யைத் தேர்ந்தெடுத்தார்கள். வென்றவர் ஆந்த்ரோத் தீவைச் சேர்ந்த பி.எம். சயீத் என்ற இளைஞர். பிறந்தது 1941 மே 10. வேட்பாளருக்குச் சட்டம் கேட்கும் வயது 25. அவருக்கு அது முடிந்து சில மாதங்களே ஆகியிருந்தன. மங்களூர் அரசுக் கலைக் கல்லூரியில் படித்து, பம்பாய் சித்தார்த்தா சட்டக் கல்லூரியில் சட்டம் பயின்றவர். டாக்டர் அம்பேத்கர் நிறுவிய மக்கள் கல்விக் கழகத்தின் கல்லூரி அது. கட்சிச் சின்னம் எதுவுமின்றிச் சுயேச்சையாக நின்று ஜெயித்து, பிறகு காங்கிரசுக்கு வந்தார்.

அதன் பிறகு நடந்ததுதான் அதிசயம். 1967, 1971, 1977, 1980, 1984, 1989, 1991, 1996, 1998, 1999 எனப் பத்துப் பொதுத் தேர்தல்கள்; பத்திலும் அவரே. 1977-ல் வடநாட்டில் இந்திரா காந்தியே தோற்றார், சயீத் தோற்கவில்லை. 1989-ல் காங்கிரஸ் ஆட்சி போயிற்று, சயீத் போகவில்லை. ஒரே தொகுதியில் இடைவெளியில்லாமல் பத்து முறை என்பது நம் பாராளுமன்ற வரலாற்றில் மிக அபூர்வம்.

"சின்னத் தொகுதிதானே, அதிலென்ன பெரிய சாமர்த்தியம்?" என்று நீங்கள் கேட்கலாம். நானும் அப்படி நினைத்தவன்தான். யோசித்துப் பார்த்தால் விஷயம் நேர் எதிர். பதினைந்து லட்சம் வாக்காளர் உள்ள நம்மூர்த் தொகுதியில் எம்.பி.யை நேரில் பார்க்காதவர்களே அதிகம். அலை அடித்தால் யாரும் கரையேறலாம். சில பத்தாயிரம் பேர் உள்ள தீவுகளிலோ ஒளிய இடமில்லை. யார் வீட்டுக் கல்யாணத்துக்கு வரவில்லை, யார் கேட்ட வேலையை முடித்துத் தரவில்லை என்பதெல்லாம் ஐந்து வருஷம் ஞாபகத்தில் இருக்கும். அங்கே ஓட்டு என்பது முகம் தெரிந்த மனிதர் முகம் தெரிந்த மனிதருக்குப் போடுவது.

அதன் கசப்பான பக்கத்தையும் மறைக்கக் கூடாது. தீவுகளின் அரசியல் கொள்கையை விட்டு ஆட்களைச் சுற்றி நின்றது. சயீத் பக்கம், கோயா பக்கம் என்று இரண்டு அணி. தேசியக் கட்சிகளின் பெயர் மாறும், அணி மாறாது. முப்பத்தேழு வருஷம் ஒரே குரல் என்றால், அந்தக் குரலோடு ஒத்துப்போகாத தீவுக்காரனின் பேச்சை டில்லியில் யார் சொல்வது? நம் பேராசிரியரின் கேள்வி இங்கே இன்னொரு முறை எழுகிறது.

டில்லியில் சயீத் படிப்படியாகத்தான் ஏறினார். உள்துறையிலும், செய்தி ஒலிபரப்புத் துறையிலும் ராஜாங்க மந்திரியாக இருந்தார். 1998 டிசம்பரில் மக்களவைத் துணைச் சபாநாயகரானார். ஆட்சியில் இருந்தது பாரதிய ஜனதா கூட்டணி. இவர் எதிர்க்கட்சியான காங்கிரஸ்காரர். 1999 தேர்தலுக்குப் பிறகும் அதே பதவிக்கு மறுபடி தேர்வானார்.

2002 மார்ச் 3 அன்று சபாநாயகர் ஜி.எம்.சி. பாலயோகி ஹெலிகாப்டர் விபத்தில் இறந்தார். மே மாதம் மனோகர் ஜோஷி வரும்வரை அவையை நடத்தும் பொறுப்பு சயீத் தலையில் விழுந்தது. அது சாதாரண நேரமில்லை. குஜராத் கலவரத்தால் நாடே கொந்தளித்துக்கொண்டிருந்தது. ஏப்ரல் 30 அன்று அதுபற்றி 184-வது விதியின் கீழ் விவாதம் நடந்தது, இரவெல்லாம் நீண்டது. விடியற்காலை நடந்த வாக்கெடுப்பில் எதிர்க்கட்சியின் தீர்மானம் 182-க்கு 276 என்று தோற்றது. நாட்டிலேயே மிகச் சிறிய தொகுதியின் எம்.பி., சிறுபான்மைச் சமூகத்தில் பிறந்தவர், நாட்டின் மிகப் பெரிய வாக்குவாதம் நடந்த நாட்களில் அவையின் பொறுப்பில் இருந்தார். 1956-க்கு முன்னால் கோழிக்கோட்டுக் கலெக்டரிடம் மனுக் கொடுக்கப் படகு தேடிய ஜனங்களின் பிள்ளை அவர். இதை நினைக்கும்போது எனக்கு இன்றும் மெய்சிலிர்க்கிறது.

அப்புறம் 2004 வந்தது. காங்கிரஸ் ஆட்சியைப் பிடித்த தேர்தல். எல்லாக் காற்றும் சாதகமாக அடித்த அந்த வருஷம்தான் சயீத் தோற்றார்! ஐக்கிய ஜனதா தளத்தின் பி. பூக்குஞ்ஞி கோயா அவரை வென்றார். வித்தியாசம் எவ்வளவு தெரியுமா? 71 ஓட்டு. நம் கல்லூரியில் ஒரு பெரிய வகுப்பறையில் உட்காரும் கூட்டம், அவ்வளவுதான்.

கட்சி அவரைக் கைவிடவில்லை. மன்மோகன் சிங் மந்திரிசபையில் மின்துறை கேபினட் மந்திரியானார். டில்லியிலிருந்து ராஜ்யசபைக்குத் தேர்வானார். நாலு பக்கமும் கடல் உள்ள ஊர்க்காரர், கடலே இல்லாத ஊரின் பிரதிநிதி! டீசலைக் கப்பலில் கொண்டுவந்து ஜெனரேட்டர் ஓட்டி விளக்கெரிக்கும் தீவிலிருந்து வந்தவருக்கு நாட்டின் மின்சாரம் கையில் வந்தது. கிராமங்களுக்கு மின்சாரம் தரும் ராஜீவ் காந்தி கிராம மின்மயத் திட்டம் 2005 ஏப்ரலில் தொடங்கியது அவர் காலத்தில்தான். ஆனால் காலம் அதிகம் கொடுக்கவில்லை. 2005 டிசம்பர் 18 அன்று தென் கொரியாவின் சியோல் நகரில், 64-வது வயதில் காலமானார்.

அவர் மகன் ஹம்துல்லா சயீத் 2009-ல் அதே தொகுதியில் வென்றார். 2014, 2019 இரண்டு முறையும் தேசியவாத காங்கிரசின் முகமது ஃபைசலிடம் தோற்றார். 2019-ல் வித்தியாசம் 823 ஓட்டுத்தான். 2024-ல் மீண்டும் வென்றார். வாரிசு அரசியல் என்று சொல்பவர்கள் சொல்லட்டும். அதில் நியாயமும் உண்டு. ஆனால் அப்பனுக்குக் கொடுத்ததை மகனுக்குக் கொடுக்கவும் பறிக்கவும் தெரிந்த ஜனங்கள் அவர்கள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இப்போது படிக்கும் தம்பி தங்கைகளுக்கு ஒரு வார்த்தை. சயீத்தின் வாழ்க்கையில் என்னைக் கவர்ந்தது பத்து வெற்றி அல்ல, அந்த 71 ஓட்டுத்தான். பத்து வெற்றி ஒரு மனிதரின் பெருமை. எழுபத்தொரு ஓட்டு ஜனங்களின் பெருமை. நியமனம் செய்து அனுப்பிய எம்.பி.யை ஒரு காலத்தில் மறுபேச்சில்லாமல் ஏற்றுக்கொண்டவர்கள், தாங்களே முப்பத்தேழு வருஷம் தூக்கி வைத்தவரைச் சத்தமில்லாமல் இறக்கியும் வைத்தார்கள். "என் ஒரு ஓட்டு என்ன ஆகிவிடப் போகிறது?" என்று டீக்கடையில் பேசும் நாம் அந்த எண்ணை ஒருமுறை நினைத்துப் பார்க்கலாம்.

அந்தப் பழைய படம் இப்போது எந்த அறையில் இருக்கிறதோ, செல்லரித்துப் போனதோ, தெரியாது. பேராசிரியரும் இல்லை. இருந்திருந்தால் இந்த வெள்ளி விழாக் கூட்டத்தில் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பார். எழுந்து நின்று, நாற்பது வருஷம் தாமதமாகப் பதில் சொல்லியிருப்பேன்: "கேட்டாங்க சார். கேட்க வைச்சாங்க."