சுற்றத்தார் பராமரிப்பு (தண்ணீரூற்று)

தாய் தந்தையரை இழந்த, அல்லது பிரிந்த பிள்ளையை அம்மம்மா, அப்பம்மா, பெரியம்மா, சித்தி, மாமன், மாமி என்று உறவுக்காரர் தம் வீட்டில் வைத்து வளர்க்கும் வழக்கம். முல்லைத்தீவு மாவட்டம் கரைதுறைப்பற்றுப் பிரதேசத்தில், முள்ளியவளையை ஒட்டி, ஊற்றங்கரைப் பிள்ளையார் கோயிலைச் சுற்றி அமைந்த தண்ணீரூற்றிலும் அயல் ஊர்களிலும் சிறுவர் நலன் என்பது பெரும்பாலும் இதுதான். சிறுவர் இல்லங்களும் அரச திணைக்களமும் பின்னால் வந்தவை.

இவ்வழக்கத்தின் எழுதப்பட்ட வரலாறு யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காற்றுச் சட்டத் தொகுப்பான தேசவழமையில் தொடங்குகிறது. யாழ்ப்பாணத்தில் திசாவையாக இருந்த கிளாஸ் ஐசாக்ஸ் என்ற ஒல்லாந்த அதிகாரி 1707 இல் அதைத் தொகுத்தார். 12 முதலிமார் படித்துப் பார்த்து ஒப்பினர். வன்னிமைகள் எனப்பட்ட வன்னிச் சிற்றரசுகள் அக்காலத்தில் யானைத் திறை செலுத்தி அரைகுறையாகவே ஒல்லாந்தருக்கு அடங்கியிருந்தன. தொகுப்பு யாழ்ப்பாணத்தாரின் வழக்கங்களைக் கொண்டது. 1806 இல் ஆங்கிலேயர் அதற்குச் சட்ட வலு அளித்தனர். காலப்போக்கில் அது வட மாகாணத் தமிழருக்குரிய சட்டமாக நிலைபெற்றது.

தேசவழமையைச் சொத்துச் சட்டமாக மட்டும் படிப்பவர்கள் அதிலுள்ள பிள்ளைகளைக் காண்பதில்லை. பெற்றோர் இருவரும் இறந்தால் இருபக்க உறவினரும் கூடிப் பேசி, பிள்ளையை யாரிடம் ஒப்படைப்பது என்று தீர்மானிக்க வேண்டும் என்கிறது அது. பொறுப்பெடுப்பவர் கையில் பிள்ளையோடு சொத்தும் சேரும். தாய் இறந்து தகப்பன் மறுமணம் செய்ய நினைத்தால், பிள்ளைகளை வளர்க்க ஏற்பவர் வழக்கமாகத் தாய்வழிப் பாட்டியோ நெருங்கிய உறவினரோ ஆவர். அப்போது மனைவி கொண்டுவந்த சீதனம் முழுவதையும், மணவாழ்வில் ஈட்டிய சொத்தான தேடியதேட்டத்தில் பாதியையும் தகப்பன் பிள்ளைகளோடு கொடுத்துவிட வேண்டும். பாசத்தை நம்பிப் பிள்ளையை விட்டுவிடாமல், வளர்ப்பதற்கான வழியையும் சேர்த்துக் கொடுத்த ஏற்பாடு இது. நியூசிலாந்து 1989 இல், மாவோரி மக்களின் வற்புறுத்தலுக்குப் பிறகு, குடும்பத்தார் கூடி முடிவெடுக்கும் முறையைச் சட்டமாக்கியபோது உலகச் சமூகப்பணித் துறை அதைப் புதுமை என்று கொண்டாடியது. ஐசாக்ஸின் தொகுப்பை அறிந்த தமிழருக்கு அது அவ்வளவு புதிதல்ல.

தத்தெடுப்பதற்கும் சடங்கு இருந்தது. பிள்ளை இல்லாதவர்கள், தமக்குப் பின் உரிமை கோரக்கூடிய உடன்பிறந்தாரின் சம்மதத்தைப் பெற்று, சாட்சிகள் முன்னிலையில் மஞ்சள் நீர் அருந்துவார்கள். சம்மதித்த உறவினர் அந்த நீரில் விரலைத் தோய்ப்பர். விரல் தோய்க்காதவரின் பங்கு தத்துப் பிள்ளைக்குச் சேராது.

இருபதாம் நூற்றாண்டுச் சட்டங்கள் உறவினர் கூடி எடுத்த முடிவை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோயின. 1939 ஆம் ஆண்டின் சிறுவர், இளைஞர் கட்டளைச்சட்டம், பாதுகாப்புத் தேவைப்படும் பிள்ளையை உறவினராயினும் அல்லாதவராயினும் 'தகுதியான ஆள்' ஒருவரிடம் ஒப்படைக்க நீதவானுக்கு அதிகாரம் தந்தது. உறவினருக்கு அதில் இடம் உண்டு, முன்னுரிமை இல்லை. 1941 ஆம் ஆண்டின் கட்டளைச்சட்டம் மகவேற்பை (தத்தெடுப்பை) நீதிமன்றக் கட்டளையாக்கியது. 1956 இல் நன்னடத்தை, சிறுவர் பராமரிப்புத் திணைக்களம் அமைந்தது. வன்னிக் கிராமங்களில் இவற்றால் உடனடியாக மாறியது சொற்பம். யாரும் சட்டப்படி பொறுப்பெடுக்காமலே பிள்ளைகள் உறவுவீடுகளில் வளர்ந்தார்கள்.

போர்தான் வழக்கத்தை அதன் எல்லைவரை இழுத்தது. 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியபோது தண்ணீரூற்று முஸ்லிம் குடும்பங்களும் புத்தளம் பக்கம் போயின. அயலும் உறவும் அறுந்தன. பெற்றோரை இழந்த தமிழ்ப் பிள்ளைகளுக்காகப் புலிகள் 1991 இல் செஞ்சோலை என்ற இல்லத்தைத் தொடங்கினர். போர் சுற்றத்தையும் கொன்றும் கலைத்தும் விட்ட இடங்களில் இத்தகைய இல்லங்கள் வளர்ந்தன.

2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலை முல்லைத்தீவுக் கரையை அழித்தது. தப்பியவர்கள் உள்நோக்கி வந்து முள்ளியவளை, தண்ணீரூற்றுப் பகுதிப் பாடசாலைகளிலும் உறவினர் வளவுகளிலும் தங்கினார்கள். இலங்கை முழுவதும் இரு பெற்றோரையும் இழந்த பிள்ளைகளில் மிகப் பெரும்பாலோரை உறவினரே ஏற்றனர். 2005 ஆம் ஆண்டின் 16 ஆம் இலக்க ஆழிப்பேரலைச் சிறப்பு ஏற்பாடுகள் சட்டம் இவ்வளர்ப்பை ஒழுங்குபடுத்தி, தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையிடம் மேற்பார்வையைக் கொடுத்தது. உறவினர் செய்வதை அரசு கண்டுகொண்ட அரிய தருணம் அது.

2009 இல் நிலைமை வேறு. போரின் முடிவில் முள்ளிவாய்க்காலில் இருந்து வந்தவர்கள் வவுனியா மெனிக் பாம் முகாமில் அடைக்கப்பட்டார்கள். அங்கே சித்தியின் கூடாரத்திலோ முன்பின் அறியாத அயலவரின் கூடாரத்திலோ இருந்த பிள்ளைக்கு உறவினரைத் தேடிக் கண்டு இணைப்பதற்கென வவுனியாவில் ஒரு பிரிவு யுனிசெப் உதவியுடன் தொடங்கப்பட்டது. மீள்குடியேறிய பின் எஞ்சியது காகிதப் பிரச்சினை. பெற்றோர் காணாமற்போனவர்களாக இருந்தால் மரணச் சான்றிதழ் எடுக்க உறவினருக்கு மனம் வராது. எடுக்காவிட்டால் காணியை மாற்ற முடியாது. காணாமற்போனதை மட்டும் உறுதிசெய்யும் சான்றிதழ் 2016 இல்தான் சட்டமானது. முல்லைத்தீவில் 2017 மார்ச் 8 இல் காணாமற்போனோருக்காகத் தொடர் போராட்டம் தொடங்கியவர்களில் பேரப்பிள்ளைகளை வளர்க்கும் அம்மம்மாக்களும் உண்டு.

வளைகுடா வேலை இன்னொரு வாசல். 2013 இல், சிறு பிள்ளையுள்ள தாய் வெளிநாடு போவதற்குக் குடும்பப் பின்னணி அறிக்கை வேண்டும் என்ற விதி வந்தது. அந்த அறிக்கையில் பிள்ளையைப் பார்க்கப்போவது யார் என்று எழுத வேண்டியிருந்தது. பெரும்பாலும் பாட்டியின் பெயர்தான் அங்கே வந்தது. கனடாவிலும் சுவிசிலும் இருக்கும் மாமன்மார் அனுப்பும் பணம் இன்னொரு பக்கம் இந்த வீடுகளைத் தாங்குகிறது. அறுபது கடந்த பாட்டிக்குப் பின் யார் என்ற கேள்விக்கு எந்தப் படிவத்திலும் கட்டம் இல்லை.

2009 இல் ஐக்கிய நாடுகள் சபை ஏற்ற மாற்றுப் பராமரிப்பு வழிகாட்டல்கள் உறவினரை முன்னிறுத்தின. இலங்கையின் மாற்றுப் பராமரிப்புத் தேசியக் கொள்கை 2019 இல் வந்தது. சிறுவர் இல்லங்களில் உள்ள பிள்ளைகளில் பெரும்பாலோருக்குத் தாயோ தகப்பனோ உயிரோடிருக்கிறார்கள் என்பது அதற்கு முன்பே தெரிந்த செய்தி. அவர்களை அங்கே கொண்டுபோய் விட்டது பெரும்பாலும் வறுமை.

உறவுவீடு எப்போதும் நல்ல வீடு என்று எழுதினால் பொய். வீட்டுவேலைக்கு ஆளாக்குதல், படிப்பை நிறுத்துதல், பாலியல் துன்புறுத்தல் ஆகியவை உறவுக்குள்ளும் நடக்கின்றன. அயலாரும் இனசனமாகவே இருப்பதால் சொல்ல வாய் வருவதில்லை. நன்னடத்தை உத்தியோகத்தரும் சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தரும் வந்துபோகும் கடமை இதற்காகத்தான். அவர்கள் வரும்வரை காத்திராமல் முறையிட விரும்புபவர்களுக்குச் சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929 என்ற தொலைபேசி இலக்கம் 24 மணி நேரமும் கட்டணமின்றி இயங்குகிறது.