குத்தகை நிலம்: சிங்கப்பூர் இடநெருக்கடியைக் கையாளும் முறை

சிங்கப்பூர், மலாய்த் தீபகற்பத்தின் தென்முனையை ஒட்டி அமைந்த தீவுக் குடியரசு. 1960களின் தொடக்கத்தில் ஏறத்தாழ 580 சதுர கிலோமீட்டராக இருந்த அதன் பரப்பு இன்று சுமார் 735 சதுர கிலோமீட்டர். 2024இல் மக்கள்தொகை 60 லட்சத்தைத் தாண்டியது. ஒரு சதுர கிலோமீட்டருக்கு 8,000 பேருக்கு மேல். நெரிசலில் இதை மிஞ்சும் நகரங்கள் உலகில் உண்டு. ஆனால் அவற்றுக்கு ஊருக்கு வெளியே என்று ஓர் இடம் இருக்கிறது. விமான நிலையம், நீர்த்தேக்கம், குப்பைமேடு, பீரங்கிப் பயிற்சித் திடல், இடுகாடு எல்லாவற்றையும் எல்லைக்கு அப்பால் தள்ளிவிடலாம். நகரமே நாடாக இருக்கும் இடத்தில் அத்தனையும் வீட்டுக்குப் பக்கத்திலேயே இருந்தாக வேண்டும். இந்தச் சிக்கலைச் சிங்கப்பூர் சமாளித்ததற்கு வானுயர்ந்த கட்டடங்களையும் கடலைத் தூர்த்ததையும் காரணமாகச் சொல்வது வழக்கம். கண்ணில் படுபவை அவைதாம். ஆனால் அடிப்படை வேறு. நிலத்தை யாருக்கும் நிரந்தரமாகக் கொடுப்பதில்லை, ஒவ்வொரு பயன்பாட்டுக்கும் ஒரு கெடு வைத்தே கொடுப்பது என்ற ஏற்பாடுதான் அங்கே நிலத்தை மீண்டும் மீண்டும் கைக்குக் கொண்டுவருகிறது.

இதற்கு முதலில் நிலம் அரசின் கையில் இருக்க வேண்டும். 1965இல் மலேசியாவிலிருந்து பிரிந்தபோது, மலேசிய அரசமைப்பின் அடிப்படை உரிமைகளில் பெரும்பாலானவற்றை ஏற்றுக்கொண்ட சிங்கப்பூர், சொத்துரிமை பற்றிய 13ஆம் பிரிவை மட்டும் விட்டுவிட்டது. அடுத்த ஆண்டே நிலக் கையகப்படுத்தல் சட்டம் வந்தது. பொதுநோக்கம் என்று அரசு அறிவித்துவிட்டால் அந்த நோக்கத்தையே எதிர்த்து வழக்காடுவது மிகக் கடினம். இழப்பீட்டுத் தொகையைப் பற்றித்தான் முறையிட முடியும். அந்தத் தொகைக்கும் 1973இல் உச்சவரம்பு விதிக்கப்பட்டது. அந்த ஆண்டு நவம்பர் 30ஆம் தேதியின் விலையைத் தாண்டி இழப்பீடு கிடையாது. அந்தத் தேதி பின்னாளில் சில முறை தள்ளிவைக்கப்பட்டாலும், எடுக்கும் நாளின் சந்தை விலையை முழுமையாகக் கொடுக்கும் முறை 2007இல்தான் வந்தது. 1960இல் நிலத்தில் பாதிக்கும் குறைவாகவே வைத்திருந்த அரசு, 1980களின் நடுவில் நான்கில் மூன்று பங்கை வைத்திருந்தது. கம்பங்கள் என்று அங்குள்ள தமிழர் அழைக்கும் அத்தாப்பு ஓலைக் குடிசைக் குடியிருப்புகளும் ரப்பர்த் தோட்டங்களும் பன்றிப் பண்ணைகளும் இப்படித்தான் மறைந்தன.

எடுத்த நிலத்தின் கணிசமான பங்கு வீடுகளுக்குப் போனது. 1960இல் அமைந்த வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (வீவக) முதல் ஐந்தாண்டில் 50,000க்கும் மேற்பட்ட வீடுகளைக் கட்டியது. 1961 மே 25இல் புக்கிட் ஹோ ஸ்வீயில் பரவிய தீ ஏறத்தாழ 16,000 பேரை வீடற்றவர்களாக்கியபோது, அந்தச் சாம்பல் மேட்டிலேயே கழகத்தின் அடுக்குமாடிகள் எழுந்தன. இன்று குடிமக்களிலும் நிரந்தரவாசிகளிலும் ஐந்தில் ஏறத்தாழ நான்கு பேர் வீவக வீட்டில்தான் இருக்கிறார்கள். மத்திய சேமநிதியிலிருந்து தவணை கட்டி வாங்கிய அந்த வீட்டை அவர்கள் சொந்த வீடு என்றே சொல்கிறார்கள். பத்திரத்தில் இருப்பதோ 99 ஆண்டுக் குத்தகை.

மற்றவற்றுக்குக் கெடு இன்னும் குறைவு. அரசு விற்பனையில் தொழிற்சாலை மனைகளுக்கு அதிகபட்சமாக 60 ஆண்டாக இருந்த குத்தகை 2012இல் 30ஆகக் குறைக்கப்பட்டது. குடியிருப்புப் பேட்டைகளில் புதிதாக ஒதுக்கப்படும் கோயில், தேவாலய மனைகளுக்கும் 30 ஆண்டுதான். கார் நிற்கவும் ஓடவும் இடத்தை அடைப்பது என்பதால், 1990 முதல் அதற்கும் வாகன உரிமைச் சான்றிதழ் என்ற பத்தாண்டு அனுமதியை ஏலத்தில் எடுக்க வேண்டும். 2023இல் சிறிய கார்களுக்கான சான்றிதழே ஒரு லட்சம் சிங்கப்பூர் டாலரைத் தாண்டியது. அரசு திரும்பக் கேட்டால் வசதி படைத்தவர்களின் பொழுதுபோக்கும் வழிவிட்டாக வேண்டும். 1843 முதல் நடந்துவந்த குதிரைப் பந்தயம் 2024 அக்டோபரில் நின்றது. கிராஞ்சியில் இருந்த சுமார் 120 ஹெக்டேர் பந்தயத் திடல் வீடமைப்புக்காகத் திரும்புகிறது. குழிப்பந்தாட்டத் திடல்கள் சிலவும் அதே வழியில் போயின.

இந்த முறையின் தர்க்கம் முழுமையாகத் துலங்குவது இடுகாட்டில். இன்று புதிதாக உடல் புதைக்க இடம் தரும் ஒரே பொது இடுகாடு சுவா சூ காங்கில் இருக்கிறது. 1998 முதல் அங்கே ஒரு குழிக்கு 15 ஆண்டு மட்டுமே. அதன் பிறகு எச்சங்கள் தோண்டி எடுக்கப்படும். எரிக்கத் தடையில்லாத சமயத்தவரின் எலும்புகள் எரியூட்டப்பட்டுச் சாம்பல் மாடத்துக்குப் போகும். இஸ்லாமியர் போன்றோரின் எச்சங்கள் குறைந்த இடத்தில் மறுபடி அடக்கம் செய்யப்படும். 2007 முதல், ஒன்றையொன்று ஒட்டிய கான்கிரீட் அறைகளை முன்கூட்டியே மண்ணுக்குள் வரிசையாகப் பதித்துவிடுகிறார்கள். உடலை உள்ளே இறக்கி மூடியைப் போட்டு மேலே மண்ணைப் பரப்பினால் வேலை முடிந்தது. குழிக்கும் குழிக்கும் இடையில் வீணாகும் மண்கூட மிச்சம். இறந்தவருக்கே தவணை என்பது நமக்குக் கொஞ்சம் உறுத்தத்தான் செய்யும். ஆனால் பிடாடாரியின் கல்லறைகள் இருந்த இடத்தில் இன்று வீவக பேட்டை நிற்கிறது. ஆர்ச்சர்ட் சாலையின் நீ ஆன் சிட்டி பேரங்காடி நிற்பதும் தியோச்சியூ சீனர்களின் பழைய இடுகாட்டின் மேல்தான்.

கடலைத் தூர்த்த கதையைச் சிறியதாக்க முடியாது. 1822இலேயே, இன்று ராஃபிள்ஸ் பிளேஸ் இருக்கும் இடத்துக் குன்றை வெட்டி ஆற்றங்கரைச் சதுப்பை நிரப்பியதில் அது தொடங்கியது. சாங்கி விமான நிலையத்தின் பெரும்பகுதியும் மரினா பேயும் தூர்த்த நிலம். ஏழு தீவுகளை இணைத்து ஜூரோங் தீவு உருவானது. ஆனால் இந்த வழிக்கு எல்லை உண்டு. மணல் ஏற்றுமதியை 1997இல் மலேசியாவும் 2007இல் இந்தோனேசியாவும் தடுத்தன. 2003இல் மலேசியா கடலைத் தூர்க்கும் பணிகளை எதிர்த்து அனைத்துலகக் கடல் சட்டத் தீர்ப்பாயத்துக்குப் போக, 2005இல்தான் சமரசம் ஏற்பட்டது. தெக்கோங் தீவில் டச்சுக்காரர்களைப் பின்பற்றிச் சுற்றிலும் கரை எழுப்பி நீரை இறைத்து நிலமெடுத்ததற்கு மணல் செலவைக் குறைப்பது ஒரு முக்கியக் காரணம். பூமிக்கு அடியிலும் இடம் தேடினார்கள். மண்டாயில் 2008 முதல் வெடிமருந்து நிலத்தடியில் இருக்கிறது. அதனால் மேலே சுமார் 300 ஹெக்டேர் மிஞ்சியது. ஜூரோங் தீவுக்குக் கீழே குடைந்த பாறைக் குகைகளில் 2014 முதல் எண்ணெய் சேமிக்கப்படுகிறது. இங்கும் சட்டம்தான் வழி திறந்தது. நிலத்துக்கு உரியவரின் உரிமை எவ்வளவு ஆழம் வரை என்பதை 2015இல் வரையறுத்துவிட்டார்கள்: பத்திரத்தில் வேறு விதமாக இல்லையென்றால், நிர்ணயித்த உயரமட்டத்திலிருந்து 30 மீட்டர் வரை. அதற்குக் கீழே அரசு.

அன்றாட வாழ்விலும் இடத்தை நேரத்தால் பங்கிடும் பழக்கம் ஊறியிருக்கிறது. பல வீவக புளோக்குகளின் தரைத்தளத்தில் வீடு கிடையாது. தூண்கள் மட்டும் நிற்கும் வெற்றிடம். இந்தச் சனிக்கிழமை அங்கே பந்தல் கட்டி மலாய்க் கல்யாணம், பிரியாணி விருந்து. அடுத்த வாரம் அதே தூண்களுக்கு இடையில் சீனர் வீட்டுச் சவப்பெட்டியும் இரவெல்லாம் சடங்கும். நடுவில் நகர மன்ற ஊழியர் வந்து தரையைக் கழுவிவிடுவார். தனித்தனி மண்டபங்கள் கட்ட வேண்டிய தேவையில் ஒரு பகுதி இப்படியே தீர்ந்துவிடுகிறது.

அரசிடம் நிலம் இருந்தால் போதுமா என்ற கேள்விக்கு ஹாங்காங் நல்ல சோதனை. அங்கேயும் தூய யோவான் தேவாலயத்தின் மனையைத் தவிர ஏறக்குறைய எல்லா நிலமும் குத்தகைதான். ஆனாலும் பல குடும்பங்கள் பிரித்தடைத்த ஒற்றை அறைகளில் ஒடுங்கிக் கிடக்கின்றன. ஆகவே உடைமை மட்டும் போதாது. குத்தகைப் பணம் எங்கே போகிறது என்பதும் முக்கியம். ஹாங்காங்கில் மனை விற்ற தொகை அரசின் கட்டுமானச் செலவுக்கு நிதியாகிறது. விலை உயர்ந்தே இருந்தால்தான் கருவூலத்துக்கு லாபம். சிங்கப்பூரில் அந்தத் தொகை காப்பு நிதியில் சேர்கிறது, அந்த ஆண்டுச் செலவுக்கு எடுக்க முடியாது. அதனால் ஓர் ஆண்டுக் கணக்கைச் சரிக்கட்ட நிலத்தை விற்கும் உந்துதல் அங்கே குறைவு. இது என் முடிவு. இரண்டு ஊர்களின் மலைச்சரிவும் வரலாறும் வேறு என்பதை மறுக்கவில்லை.

நியாயம் பற்றிய கேள்வி இதைவிடக் கனமானது. பழைய விலையில் நிலத்தைப் பறிகொடுத்தவர்கள் எல்லாரும் பெருநிலக்கிழார்கள் அல்லர். சிறு தோட்டக்காரரும் கடைக்காரரும் அதில் உண்டு. பொதுமுதலீட்டால் உயரும் விலை பொதுமக்களுக்கே சேர வேண்டும் என்ற வாதத்தில் உண்மை இருக்கிறது. ஆனால் அந்த உயர்வை விட்டுக்கொடுத்தவர் ஒரு தலைமுறை, அனுபவித்தவர் அடுத்த தலைமுறை. நினைவிடங்களின் இழப்புக்கும் ஈடு சொல்வது கடினம். டோபி காட் ரயில் நிலையத்துக்காக ஆர்ச்சர்ட் சாலையிலிருந்து 1983இல் எழுந்த சிவன் கோயில், சிராங்கூன் சாலையில் தற்காலிகமாகத் தங்கிவிட்டு 1993இல் கேலாங் ஈஸ்டில் குடியேறியது. இறைவனுக்கு வேறு மனை கிடைத்தது. ஆர்ச்சர்ட் சாலையின் தமிழ் முகம் திரும்பவில்லை.

குத்தகை முடியும் நாளில் என்ன ஆகும் என்பதற்கு ஒரு முன்னோட்டம் கிடைத்துவிட்டது. கேலாங் 3ஆம் லோரோங்கில் (சந்தில்) 191 தனியார் வரிசை வீடுகளின் 60 ஆண்டுக் குத்தகை 2020 டிசம்பர் 31இல் முடிந்தது. வீடுகள் இழப்பீடு இன்றி அரசிடம் திரும்பின. வீவக வீடுகளுக்கு அவ்வளவு எளிதாக இருக்காது, ஏனென்றால் வீட்டை ஓய்வுகாலச் சேமிப்பாக நம்பச் சொன்னதும் அதே அரசுதான். சுமார் 70 வயதான பேட்டைகளைக் குடியிருப்போர் வாக்கெடுத்து முன்கூட்டியே திருப்பிக் கொடுக்கலாம் என்ற திட்டம் 2018இல் அறிவிக்கப்பட்டது. 1960களில் 99 ஆண்டுக் குத்தகையில் விற்ற முதல் வீடுகளின் கெடு 2060களில் வருகிறது.