விடாது கருப்பும் ஒரு வகுப்பறைச் சத்தியமும்

கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாகப் படியுங்கள். கடைசியில் உங்களில் ஒருவருக்கு நான் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது.

என் தங்கையின் பேத்தி கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். ஏதாவது ஒரு தொலைக்காட்சிக் குற்றத் தொடரைப் பற்றி வரலாற்று நோக்கில் கட்டுரை எழுதச் சொல்லியிருக்கிறார்களாம். போன வாரம் சமயபுரம் வந்தவள், "தாத்தா, விடாது கருப்பு எடுத்துக்கறேன். எப்படி ஆரம்பிக்கிறது?" என்று கேட்டாள். பழைய வாத்தியாருக்கு வேறென்ன வேண்டும்? திண்ணையில் உட்கார்ந்து திட்டம் போட்டோம்.

அவள் கொண்டுவந்த குறிப்பில் முதல் இரண்டு பக்கமும் கதைச் சுருக்கம். அடித்துவிட்டேன். "தொடரைப் பார்த்தவங்களுக்குக் கதை தெரியும், பார்க்காதவங்க யூடியூப்ல பார்த்துக்குவாங்க. நீ ஒரு கேள்வியோட ஆரம்பி" என்றேன்.

'மர்மதேசம்' என்ற பொதுத் தலைப்பில் வந்த கதைகளில் ஒன்று விடாது கருப்பு. 1997-98இல் சன் டிவியில் வாரம் ஒருமுறை வந்தது. இந்திரா சௌந்தர்ராஜன் எழுதியது, நாகா இயக்கியது. ஒரு கிராமத்தில் தப்பு செய்தவர்கள் ஒவ்வொருவராகச் சாகிறார்கள். கருப்பசாமி குதிரையேறி வந்து தண்டித்துவிட்டார் என்கிறது ஊர். கொன்றது சாமியா, மனிதனா? இது தொடர் கேட்கும் கேள்வி. வரலாற்று மாணவி கேட்க வேண்டியது வேறு: சாமிதான் என்று சொன்னதும் ஊர் ஏன் உடனே நம்புகிறது?

இந்தக் கேள்வியை வைத்துக் கட்டுரையை மூன்று பகுதியாகப் பிரித்தோம்.

முதல் பகுதி, தமிழில் துப்பறியும் கதை நடந்து வந்த வழி. வடுவூர் துரைசாமி ஐயங்காரின் 'திகம்பர சாமியார்' 1950இல் மாடர்ன் தியேட்டர்ஸ் படமானது. துப்பறிகிற சாமியாராக நம்பியார் வேஷம் மாற்றி மாற்றி உண்மையைப் பிடிப்பார். பிறகு நம்ம ஸ்ரீரங்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்த சுஜாதா. அவருடைய 'கொலையுதிர் காலம்' கதையில் நடப்பது பேயா, விஞ்ஞானமா என்று கணேஷும் வசந்தும் திண்டாடுவார்கள். பேய் இருந்த இடத்தில் கருப்பசாமியை வைத்தால் விடாது கருப்புக்கு வந்துவிடலாம். ஆனால் ஒரு வித்தியாசம். பேயை நம்பினால் பயம் மட்டும்தான். கருப்பை நம்பினால் நீதியும் கிடைக்கிறது.

அந்த நீதி இரண்டாம் பகுதி. நம் பக்கத்தில் ஆடு காணாமல் போனாலும் வரப்புத் தகராறு வந்தாலும், போலீஸுக்குப் போகும் முன் கருப்பு முன்னாடி சூடம் அணைத்துச் சத்தியம் செய்யச் சொல்வார்கள். இது கிராமத்தோடு நின்ற வழக்கம் என்று நினைக்காதீர்கள். வெள்ளைக்காரன் போட்ட 1873ஆம் வருஷத்துப் பிரமாணச் சட்டத்திலேயே இதற்கு இடம் இருந்தது. "எதிராளி இன்ன சத்தியம் செய்தால் நான் கட்டுப்படுகிறேன்" என்று ஒருவர் கோர்ட்டில் சொல்லலாம். எதிராளி சம்மதித்துச் சத்தியம் செய்து சொல்லிவிட்டால், சவால் விட்டவர் மேலே பேச முடியாது. 1969இல் வந்த புதுச் சட்டம்தான் இதை நீக்கியது. ஆக, சாமி தீர்ப்புச் சொல்லும் என்பது ஏறக்குறைய நூறு வருஷம் சர்க்கார் சட்டத்துக்குள்ளேயே இருந்தது. கருப்பைப் பார்த்து ஊர் நடுங்கியதில் ஆச்சரியம் என்ன?

மூன்றாம் பகுதி, தொடரின் முடிவு. முழுசாகச் சொல்லிக் கெடுக்க மாட்டேன். விடை மனித மனத்துக்குள்தான் கிடைக்கிறது. ஆனாலும் பார்த்தவர்கள் யாரும் கருப்பசாமி கோயிலுக்குப் போவதை நிறுத்தவில்லை. ஏன் என்பதை அவளே எழுதட்டும் என்று விட்டுவிட்டேன்.

எல்லாம் முடிந்தது என்று எழுந்தபோது அவள் கேட்டாள்: "சத்தியம் பண்ண மாட்டேன்னு ஒருத்தர் சொன்னா என்ன தாத்தா ஆகும்?"

அந்த 1873ஆம் வருஷச் சட்டத்தில் அதற்கும் பதில் இருக்கிறது. மறுப்பவரைக் கட்டாயப்படுத்தக் கூடாது. மறுத்ததையும், அதற்கு அவர் காரணம் சொன்னால் அந்தக் காரணத்தையும் நீதிபதி எழுதி வைக்க வேண்டும். இதை அவளிடம் சொல்லும்போதே எனக்குத் தொண்டை அடைத்தது.

அந்தத் தொடர் ஓடிக்கொண்டிருந்த வருஷம். வகுப்பில் எல்லா வாயிலும் கருப்புதான். சுற்றுலாவுக்குச் சேர்த்த பணம் என் மேஜையிலிருந்து காணவில்லை. நான் என்ன செய்தேன் தெரியுமா? சமயபுரத்தாள் படத்தை மேஜையில் வைத்து, ஒவ்வொருவரையும் தொட்டுச் சத்தியம் செய்யச் சொன்னேன். எல்லோரும் செய்தார்கள், ஒருவனைத் தவிர. "மாட்டேன் சார்" என்றான். ஏன் என்று நான் கேட்கவில்லை. மூன்று நாள் அவனை யாரும் பக்கத்தில் உட்கார விடவில்லை. அதையும் நான் தடுக்கவில்லை.

நான்காம் நாள் பணம் என் வருகைப் பதிவேட்டின் அட்டை உறைக்குள்ளேயே இருந்தது. கிடைத்துவிட்டது என்று வகுப்பில் சொன்னேன். அவனிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. வாத்தியார் கௌரவம்!

பிறகு அவன் அம்மாவைச் சந்தையில் பார்த்தபோதுதான் காரணம் தெரிந்தது. அந்த வாரம் அவன் தங்கைக்கு அம்மை போட்டிருந்தது. "ஆத்தா வீட்டுக்கு வந்திருக்கா, அவ பேர்ல சத்தியம் கித்தியம் பண்ணிடாதே" என்று பாட்டி சொல்லி அனுப்பியிருக்கிறார். வகுப்பிலேயே அதிகமாக நம்பியவன் அவன். அவனைத்தான் நான் திருடனாக்கினேன்.

பேத்தியின் கட்டுரையில் கடைசி வரியாக ஒன்றைச் சேர்க்கச் சொன்னேன்: கருப்பு கொன்றாரா என்று கேட்கும் ஊர், மறுத்து நின்றவனிடம் ஏன் என்று கேட்டதா?

அந்த மாணவன் இதைப் படிப்பான் என்று நம்புகிறேன். பெயர் போடவில்லை, உனக்குத் தெரியும். தப்பு என்னுடையது தம்பி, மன்னித்துவிடு. இந்தப் பக்கம் வந்தால் வீட்டுக்கு வா. இந்த முறை காரணம் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

எல்லோரையும் சமயபுரத்தாள் காக்கட்டும்.