ஊமைத் திரையிலிருந்து பேசும் படத்திற்கு: டி. பி. ராஜலட்சுமி

எமது குடாநாட்டில் இசைநாடகம் வேரூன்றிய வரலாறு பலரும் அறிந்ததே. தமிழகத்து நாடகக் குழுக்கள் கடல் கடந்து கொணர்ந்த அக்கலையை ஊரவர் தமதாக்கிக் கொண்டனர். வள்ளியும் சந்திரமதியும் கிராமத்து மேடைகளில் உயிர் பெற்றனர். ஆயினும் அவ்வேடங்களைத் தாங்கியோர் பெரும்பாலும் ஆடவரே. சந்திரமதியின் புலம்பலுக்குக் கண்ணீர் சொரிந்த சமூகம், ஒரு பெண் மேடையேறிப் புலம்புவதைச் சகித்திருக்குமா என்பது ஐயமே. தமிழகத்திலே மேடைக்கு வந்த பெண்களுட் பலரும் வேறு வழி அடைபட்ட பின்னரே வந்தனர். தமிழின் முதற் பேசும் படத்தின் கதாநாயகி டி. பி. ராஜலட்சுமியும் அவ்வாறு வந்தவரே.

1911இல் திருவையாற்றிலே வைதிகக் குடும்பமொன்றிற் பிறந்த அவருக்கு, விளையாட்டுப் பருவத்திலேயே மணம் முடித்துவைத்தனர். அம்மண உறவு நிலைக்கவில்லை. தந்தையையும் இழந்த சிறுமி தாயுடன் திருச்சிக்கு வந்து, சாமண்ணாவின் நாடகக் குழுவிற் சேர்ந்தாள். குழந்தை மணத்தைத் தடுக்கும் சாரதா சட்டம் நிறைவேறிய ஆண்டு 1929. அதே ஆண்டிலே ‘கோவலன்’ என்னும் ஊமைப் படத்தில் அவர் மாதவியாகத் தோன்றினார். சட்டம் அவரைப் பொறுத்தவரை மிகவும் பிந்தியே வந்தது.

மேடையிலே குரலால் வாழ்ந்தவர் திரையிலே வாய் மூடி நடிக்க வேண்டியிருந்தது. மாதவி பாடாத கோவலன் கதையை எண்ணிப் பாருங்கள்! ஊமைப் படத்திற்குத் தேவைப்பட்டது முகமும் உடலும் மட்டுமே. ‘குலப் பெண்கள்’ நடிக்க மறுத்த காரணத்தால் ஆங்கிலோ இந்தியப் பெண்கள் பலர் அன்று நட்சத்திரங்களாயினர். மொழி தெரியாமை அவர்களுக்குத் தடையாக இருக்கவில்லை.

1931 மார்ச்சில் பம்பாய் இம்பீரியல் கம்பெனியின் ‘ஆலம் ஆரா’ வெளிவந்ததும் நிலைமை தலைகீழாயிற்று. அதே கம்பெனி எச். எம். ரெட்டியின் இயக்கத்தில் தயாரித்த ‘காளிதாஸ்’ அவ்வாண்டு அக்டோபர் 31ஆம் நாள் சென்னை கினிமா சென்ட்ரலிற் காட்டப்பட்டது. தமிழும் தெலுங்கும் கலந்த படம் அது. ராஜலட்சுமி தமிழிற் பேசினார். தியாகராஜ கீர்த்தனைகளைப் பாடினார். குறத்தி நடனம் ஆடினார். வடமொழிக் கவிஞனின் கதையிடையே காந்தியின் இராட்டினத்தைப் போற்றும் மதுரகவி பாஸ்கரதாசின் பாடலும் ஒலித்தது. கதைக்கும் அதற்கும் யாதொரு தொடர்புமில்லை! ஆயினும் அந்நிய ஆட்சியின் கீழிருந்த மக்கள் அப்பொருத்தமின்மையைப் பொருட்படுத்தவில்லை.

இம்மாற்றம் உலகெங்கும் நிகழ்ந்ததே. ஸ்பெயினில் இம்பீரியோ அர்ஜென்டினா 1927இல் ஊமைப் படமாக நடித்த ‘சான் சுல்பீசியோ சகோதரி’யை, 1934இல் பாடிப் பேசி மீண்டும் நடித்தார், இரண்டையும் இயக்கியவர் புளோரியன் ரே. பாட்டு அவரது தொழிலாதலின் ஒலி அவரை உயர்த்தியது. பம்பாயின் பெரும் நட்சத்திரமான சுலோசனாவோ, ரூபி மையர்ஸ் என்னும் இயற்பெயருடையவர், இந்துஸ்தானி கற்பதற்காகச் சிறிது காலம் திரையை விட்டு விலக நேர்ந்தது. ராஜலட்சுமிக்கு அத்தடை இல்லை. பழிக்கப்பட்ட மேடை அளித்த பயிற்சியே அவருக்கு மூலதனமாயிற்று.

‘வள்ளி திருமணம்’ (1933) அவரது புகழைப் பெருக்கியது. ஆயினும் பிறர் எழுதியதைப் பாடுவதோடு அவர் நிறைவு கொள்ளவில்லை. 1936இல் தாமே எழுதிய நாவலைத் தழுவி ‘மிஸ் கமலா’வைத் தயாரித்து, இயக்கி, நடித்தார். தென்னிந்தியத் திரையின் முதற் பெண் இயக்குநர் அவரே. இந்தியாவில் அவருக்கு முன் அப்பணியைச் செய்தவர் 1926இல் படம் இயக்கிய பாத்திமா பேகம். ‘மதுரை வீர’னையும் (1939) ராஜலட்சுமி இயக்கினார்.

அதற்குள் தொழில்நுட்பம் மறுபடியும் மாறிற்று. 1938இல் ‘நந்தகுமார்’ படத்தில் ஒருவர் நடிக்க இன்னொருவர் பாடும் முறை தமிழுக்கு வந்தது. நடிப்பவரே பாடவேண்டும் என்னும் கட்டாயம் படிப்படியாக நீங்கியது. ஒலி வந்தபோது மதிப்புப் பெற்ற பயிற்சி, ஒலிப்பதிவு வளர்ந்தபோது மதிப்பிழந்தது. முதலாளிக்கு இது ஆதாயம். முகத்தையும் குரலையும் தனித்தனியே கூலிக்கு அமர்த்தலாம். மேடையிலிருந்து வந்த பாடகத் தலைமுறை மெல்ல மெல்ல ஒதுங்கிற்று.

1964இல் ராஜலட்சுமி மறைந்தார். ‘காளிதாஸ்’ படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று கிடைத்திலது. அதன் பாடல்களை அக்காலத்துப் பாட்டுப் புத்தகத்திலே படிக்கலாம், கேட்க இயலாது.