மூப்பு, தேதி, சம்பளம்

நார்த்தாமலை விஜயாலய சோழீச்சரத்துக் கல்வெட்டொன்று இரண்டு பேரைச் சொல்கிறது. கோயிலை எடுப்பித்தவர் சாத்தன் பூதி. மழையில் அது இடிந்தபின் புதுப்பித்தவர் மல்லன் விடுமன். முன்னால் வந்தவருக்கும் பின்னால் வந்தவருக்கும் ஒரே கல்லில் இடம். சரி, கல் சுமந்தவனுக்கு என்ன கூலி? அதைக் கல் சொல்லவில்லை.

கூலி எழுதிய கல் வேண்டுமென்றால் தஞ்சைப் பெரிய கோயிலுக்குப் போகவேண்டும். தளிச்சேரிப் பெண்டுகள் 400 பேருக்கும் ஆளுக்கு ஒரு பங்கு. பங்குக்கு ஆண்டுக்கு 100 கலம் நெல். ஒருவர் இறந்தால் உறவினர் அந்த வேலையைச் செய்து அதே பங்கைப் பெறலாம். இதைப் பொற்காலம் என்று கொண்டாட ஒன்றுமில்லை. வேலை பிறப்போடு கட்டப்பட்டிருந்தது. நட்டுவம் செய்தவருக்கு இரண்டு பங்கு. ஆனாலும் பங்கு வேலைக்கானது. நீ எந்தத் தேதியில் சேர்ந்தாய் என்று அது கேட்கவில்லை.

தேதி கேட்பது நவீன அரசு. நார்த்தாமலையைச் சுற்றியுள்ள ஊர்களில் ஓர் ஈராசிரியர் பள்ளியை வைத்துக்கொள்வோம். இருவரும் இடைநிலை ஆசிரியர்கள். ஒரே பட்டயப் படிப்பு, ஒரே பாடநூல். ஒருவர் 2009 மே மாதம் சேர்ந்தவர், மற்றவர் ஜூன். 1.6.2009-இல் தமிழக அரசு புதிய ஊதிய ஆணையை வெளியிட்டது. ஏற்கெனவே பணியில் இருந்தவருக்குப் பழைய அடிப்படை ஊதியம் 4,500-ஐ 1.86-ஆல் பெருக்கினார்கள்: 8,370. புதிதாக வந்தவருக்குப் பெருக்க எதுவுமில்லை. ஏணியின் கீழ்ப்படி 5,200. தர ஊதியம் 2,800 இருவருக்கும் பொது. ஆக 11,170-ம் 8,000-மும். ஒரு மாத இடைவெளிக்கு விலை 3,170 ரூபாய். அகவிலைப்படி சதவீதக் கணக்கில் இதன்மேல் ஏறும். 2017-இல் வந்த ஊதியத் திருத்தத்தின் பெருக்கற்காரணி 2.57. ஆண்டு உயர்வுகளை ஒதுக்கிவிட்டுப் பெருக்கிப் பாருங்கள்: 3,170 என்பது 8,147 ஆகிவிடும். பிழையைத் திருத்தவில்லை, பெருக்கினார்கள்.

'அனுபவத்துக்கு மதிப்பே இல்லையா?' என்று மூத்தவர்கள் கேட்பார்கள். இருக்கிறது. அதற்குத்தான் ஆண்டுதோறும் ஊதிய உயர்வு. இங்கே நாம் பேசுவது அந்த வித்தியாசத்தை அல்ல.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 1922-இல் காலனி அரசு நடைமுறைப்படுத்திய அடிப்படை விதிகளை ஒட்டி வளர்ந்த மரபு ஒன்று உண்டு. ஒரே பணிநிலையில் இளையவர் மூத்தவரைவிடக் கூடுதலாக வாங்கிவிட்டால், நிபந்தனைகளுக்கு உட்பட்டு, மூத்தவரின் சம்பளத்தை அவருக்கு இணையாக உயர்த்தலாம். அதற்கு 'ஊதிய முரண்பாடு களைதல்' என்று பெயர். அதே வேலைக்கு இளையவர் குறைவாக வாங்கினால்? அப்போது அது முரண்பாடு இல்லை, 'நியமன நிபந்தனை'. அதாவது இந்த மொழியில் சம்பளம் உழைப்பின் விலையல்ல, மூப்பின் மரியாதை. ஊர்த் திருவிழாவில் யாருக்கு முதலில் திருநீறு என்ற சண்டை வேறு உடையில் கோப்புக்குள் நுழைந்திருக்கிறது.

அரசுக்கு இது வசதி. 1.4.2003-க்குப் பின் சேர்ந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியம் இல்லையென்று ஒரு கோடு. அதே ஆண்டு ஜூலையில் வேலைநிறுத்தம் செய்த ஏறத்தாழ 1 லட்சத்து 70 ஆயிரம் பேர் வேலைநீக்கம். பிறகு உச்சநீதிமன்றம் வரை போய்த்தான் பெரும்பாலோர் திரும்பினார்கள். 2009-இல் இன்னொரு கோடு. இனிமேல் வரப்போகிறவர்களின் பங்கை வெட்டினால் இப்போது இருப்பவர் யாரும் தெருவுக்கு வரமாட்டார். வரப்போகிறவருக்கோ இன்னும் சங்கம் கிடையாது!

1982-இல் ரந்தீர் சிங் வழக்கில், சம வேலைக்குச் சம ஊதியம் அரசியல் சட்டத்தின் குறிக்கோள் என்றது உச்சநீதிமன்றம். அதே முழக்கத்தோடு 2018 டிசம்பரிலும் 2022 டிசம்பரிலும் இடைநிலை ஆசிரியர்கள் சென்னையில் உண்ணாவிரதம் இருந்தார்கள். பலர் மயங்கி விழுந்தார்கள். 2023 ஜனவரி 1 அன்று மூவர் குழு அறிவிக்கப்பட்டது. பட்டினிக்குப் பதில் குழு.

அவர்களது கோரிக்கை நியாயம். ஆனால் அந்தப் பள்ளியில் மூன்றாவதாக ஒருவர் இருக்கிறார். 1982-இல் தொடங்கிய சத்துணவுத் திட்டத்தில் சமைப்பவர். தொகுப்பூதியம், பிறகு 'சிறப்பு' காலமுறை ஊதியம் என்று வாசற்படியிலேயே நிறுத்தப்பட்டவர். அவருக்கு மூத்தவரும் இல்லை, இளையவரும் இல்லை, ஒப்பிடவே ஆளில்லை. சம ஊதியம் பேசுகிற நாம் அவர் பங்கை எந்தக் கல்லில் எழுதப்போகிறோம்?