லாபுடா நிலவுகள்

லாபுடா நிலவுகள்: ஜோனதன் ஸ்விஃப்ட் 1726-இல் வெளியிட்ட ‘கலிவரின் பயணங்கள்’ நூலின் மூன்றாம் பாகத்தில் வரும், செவ்வாய்க் கோளின் இரண்டு கற்பனைத் துணைக்கோள்கள். பறக்கும் தீவான லாபுடாவின் வானியலாளர்கள் இவற்றைக் கண்டறிந்ததாகக் கதை சொல்கிறது. 151 ஆண்டுகளுக்குப் பின் செவ்வாய்க்கு மெய்யாகவே இரண்டு நிலவுகள் இருப்பது தெரிந்ததும், ஸ்விஃப்ட்டுக்கு ஏதோ மறைவான அறிவு வாய்த்திருந்தது என்ற பேச்சு எழுந்தது. இன்றும் அது அடங்கவில்லை. ஆனால் நூலில் உள்ள எண்களைக் கணக்கிட்டுப் பார்த்தால் அந்தப் பேச்சு நிற்பதில்லை. இந்த நிலவுகளின் எண்ணிக்கையும் இயக்கமும் யோஹன்னஸ் கெப்லரின் வழியில் வந்தவை என்றே கொள்ள வேண்டியிருக்கிறது.

கலிலியோ 1610-இல் வியாழனின் நான்கு நிலவுகளை அறிவித்தபோது, கெப்லர் உடனே ஒரு வரிசையை ஊகித்தார். பூமிக்கு ஒன்று, வியாழனுக்கு நான்கு என்றால் இடையில் உள்ள செவ்வாய்க்கு இரண்டு இருப்பதே பொருத்தம் என்றார். அதே ஆண்டு கலிலியோ தம் சனிக்கோள் கண்டுபிடிப்பை எழுத்துகளைக் கலைத்துப் புதிராக அனுப்ப, கெப்லர் அதைச் செவ்வாயின் இரட்டை நிலவுகளை வாழ்த்தும் வரியாகக் கூட்டிப் படித்தார். புதிரை அவர் தவறாகவே விடுவித்தார். ஆயினும் அந்தத் தவறான விடை சொன்ன செய்தி பின்னாளில் மெய்யானது. ஸ்விஃப்ட் கெப்லரை நேரடியாகப் படித்தாரா, கணிதம் தெரிந்த நண்பர் ஜான் ஆர்பத்நாட் எடுத்துச் சொன்னாரா என்பதில் ஆய்வாளர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை.

நூல் தரும் விவரங்கள் வியப்பூட்டும் அளவுக்குத் துல்லியமானவை. லாபுடாவின் மிகப் பெரிய தொலைநோக்கியே மூன்று அடிதான். அதைக் கொண்டே பத்தாயிரம் விண்மீன்களைப் பட்டியலிட்டவர்கள் அவர்கள். உள்நிலவு செவ்வாயின் மையத்திலிருந்து அக்கோளின் விட்டத்தைப்போல் 3 மடங்கு தொலைவில் 10 மணி நேரத்திலும், வெளிநிலவு 5 மடங்கு தொலைவில் 21½ மணி நேரத்திலும் சுற்றுகின்றன. கெப்லரின் மூன்றாம் விதிப்படி, சுற்றுக்காலங்களின் வர்க்கங்கள் தொலைவுகளின் கனங்களுக்கு நேர்விகிதத்தில் இருக்க வேண்டும். 125-ஐ 27-ஆல் வகுத்தால் 4.63, 462.25-ஐ 100-ஆல் வகுத்தால் 4.62. வானியலாளர்களைக் கேலி செய்யும் அத்தியாயத்தில் கணக்கு மட்டும் இவ்வளவு ஒழுங்காக இருப்பது ரசிக்கத்தக்கது. ஆனால் இந்த விதி இரண்டு நிலவுகளை ஒன்றோடொன்று பொருத்துமே தவிர, செவ்வாயின் நிறையோடு பொருத்தாது. 3 விட்டத் தொலைவில் 10 மணி நேரச் சுற்று நிகழ வேண்டுமானால் செவ்வாய் இப்போதுள்ளதைப்போல் ஏறக்குறைய 6 மடங்கு நிறை கொண்டிருக்க வேண்டும். அப்போது அதன் அடர்த்தி தங்கத்தையும் மிஞ்சிவிடும். யாரோ நேரில் கண்டு அளந்த எண்களில் இப்படிப்பட்ட பிழை வர வழியில்லை.

எண்ணிக்கை சரி, கோளுக்கு மிக அருகில் என்பதும் சரி, செவ்வாய் தன்னைத்தானே சுற்றுவதைவிட வேகமாக ஒரு நிலவு அதைச் சுற்றுவதும் சரி. மூன்றும் தற்செயலா என்று கேட்பவர்கள் உண்டு. எண்ணிக்கைக்குக் கெப்லரின் ஊகம் போதும். அதுவரை எவர் கண்ணிலும் படாத நிலவு சிறியதாகவும் கோளின் ஒளிக்குள் மறையும்படி நெருங்கியதாகவும் இருக்க வேண்டும் என்பது எளிய அனுமானம். நெருங்கிய நிலவு விரைந்து சுற்றும். செவ்வாயின் நாள் 24 மணி 40 நிமிடம் என்று வானியலாளர் காசினி 1666-லேயே கணித்திருந்தார். ஸ்விஃப்ட்டின் கணக்குப்படி இரண்டு நிலவுகளுமே அதைவிடக் குறைந்த நேரத்தில் சுற்றுகின்றன. எனவே இரண்டும் மேற்கில் உதிக்க வேண்டும். உண்மையில் அப்படி உதிப்பது செவ்வாயின் மெய்யான உள்நிலவான போபோஸ் ஒன்றே. அதன் தொலைவு 1.4 விட்டம், சுற்றுக்காலம் 7 மணி 39 நிமிடம். வெளிநிலவான டைமோஸுக்கு 30 மணி நேரத்துக்கு மேல் ஆகிறது. 3, 5 என்ற எண்கள் வியாழனின் முதலிரு நிலவுகளின் தொலைவைப் பார்த்து எடுக்கப்பட்டிருக்கலாம் என்ற கருத்தும் உண்டு; பொருந்துகிறது என்பதற்கு மேல் அதற்குச் சான்று இல்லை.

வோல்டேர் 1752-இல் ‘மைக்ரோமெகாஸ்’ கதையில் செவ்வாய்க்கு இரண்டு நிலவுகளைத் தந்தார். 1783-இல் வில்லியம் ஹெர்ஷல் தேடியும் எதுவும் அகப்படவில்லை. 1877 ஆகஸ்டில் வாஷிங்டன் கடற்படை வான்காணகத்தின் 26 அங்குலத் தொலைநோக்கியில் அசாப் ஹால் முதலில் டைமோஸையும் சில நாள்களில் போபோஸையும் கண்டார். முதல் நிலவு கண்ணில் பட்ட இரவில் பொட்டோமாக் ஆற்றுப் பனிமூட்டம் பார்வையை மறைத்தது. தேடலைக் கைவிட நினைத்த ஹாலை விடாமல் ஊக்கியவர் அவர் மனைவி ஏஞ்சலின் ஸ்டிக்னி; போபோஸின் மிகப் பெரிய பள்ளம் அவர் பெயரைத் தாங்குகிறது. நிலவுகளின் பெயர்களை முன்மொழிந்தவர் ஈட்டன் பள்ளி ஆசிரியர் ஹென்றி மேடன். 1930-இல் புளூட்டோவுக்குப் பெயர் சொன்ன 11 வயதுச் சிறுமி வெனிஷியா பர்னி, அவருடைய சகோதரரின் பேத்தி.

டைமோஸின் இரண்டு பள்ளங்களுக்கு 1973-இல் ஸ்விஃப்ட், வோல்டேர் என்று பெயரிடப்பட்டது. போபோஸின் நிலப்பரப்பில் லாபுடா, லகாடோ, கலிவர் ஆகிய பெயர்கள் பின்னர் இடம்பெற்றன. அதே போபோஸில் ஒரு மேட்டு விளிம்புக்குக் கெப்லரின் பெயரும் வழங்குகிறது.