மறதியும் காலமும்: குறுக்கீட்டுக் கோட்பாட்டின் வரலாறு குறித்துச் சில குறிப்புகள்

காலஞ் செல்லச் செல்ல நினைவு தேயும் என்பது பொதுவழக்கில் ஐயத்துக்கிடமின்றி ஏற்கப்பட்ட கருத்தாகும். வரலாற்று மாணவராகிய நாம் இதனைச் சற்று நின்று நோக்குதல் வேண்டும். ஏனெனில், காலத்தையே காரணமாகக் கூறும் விளக்கம் விளக்கமாகாது. அரசுகள் வீழ்ந்தமைக்கும் மொழிகள் திரிந்தமைக்கும் காலம் காரணமன்று. அக்காலத்தினுள் இயங்கிய சக்திகளே காரணமாகும். மறதி பற்றிய அறிவியலும் இத்தகைய முடிவொன்றினையே வந்தடைந்தது.

1885இல் ஜேர்மனியரான ஹேர்மன் எபிங்ஹவுஸ் நினைவு பற்றிய தமது நூலை வெளியிட்டார். ஏறத்தாழ 2,300 பொருளற்ற அசைகளை ஆக்கி, அவற்றை வரிசை வரிசையாகத் தாமே மனனஞ் செய்து, மீளக் கற்கையில் எவ்வளவு உழைப்பு மிச்சமாகின்றது என அவர் கணித்தார். ஒரு நாளின் பின் மூன்றிலொரு பங்கும், 31 நாள்களின் பின் ஐந்திலொரு பங்குமே மிச்சமாயின. மறதியை அளவீட்டுக்கு உட்படுத்திய இச்சாதனை மகத்தானது. எனினும், அவரது வரைபின் ஓர் அச்சில் காலம் நின்றமையால், காலமே மறதியை விளைவிக்கின்றது என்ற எண்ணம் வலுப்பெறலாயிற்று.

இதற்கு மாறான சான்று விரைவிலேயே கிடைத்தது. ஒன்றைக் கற்றபின் வேறொன்றில் ஈடுபட்டோர், ஓய்ந்திருந்தோரினும் குறைவாகவே நினைவுகூர்வதை 1900இல் மியூலரும் பில்செக்கரும் எடுத்துக்காட்டினர். பின்வந்தது முன்னதைத் தடுப்பதால் இது பின்னோக்குத் தடை எனப்பட்டது. 1924இல் அமெரிக்காவின் கோர்னெல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜென்கின்சும் டலென்பாக்கும் இரு மாணவரைக் கொண்டு இதனை மேலும் ஆராய்ந்தனர். பத்து அசைகளைக் கற்று எட்டு மணிநேரம் உறங்கியபோது பாதிக்கு மேற்பட்டவை எஞ்சின. அதே நேரத்தை விழித்திருந்து கழித்தபோது ஏறத்தாழப் பத்திலொன்றே எஞ்சியது. கடிகாரம் காட்டிய காலம் ஒன்றே; அக்காலத்தில் நிகழ்ந்தவையே வேறு. உறக்கம் நினைவை உறுதிப்படுத்தவுஞ் செய்கின்றது எனப் பிற்கால ஆய்வுகள் காட்டியுள்ளமையால், இவ்வேறுபாடு முழுவதையும் குறுக்கீட்டின் கணக்கில் எழுதுதல் பொருந்தாது.

1932இல் மக்கியோக் இக்கருத்துக்குக் கோட்பாட்டுருவம் அளித்தார். இரும்பு காலப்போக்கில் துருப்பிடிக்கின்றது. ஆயினும் துருவை உண்டாக்குவது காலமன்று, ஒட்சியேற்றமே என்பது அவரது வாதம். அதற்கு முந்திய ஆண்டில் அவர் மக்டொனால்டுடன் இணைந்து செய்த பரிசோதனை நமது கவனத்துக்கு மிகவும் உரியது. பெயரடைப் பட்டியலொன்றைக் கற்றோர், இடையில் ஓய்ந்திருந்தபோது 45 சதவீதத்தை நினைவுகூர்ந்தனர். இடையில் எண்களைக் கற்றபோது 37 சதவீதத்தையும், ஒத்தபொருட் சொற்களைக் கற்றபோது 12 சதவீதத்தையுமே நினைவுகூர்ந்தனர். பழையதற்கு மிகப் பெரும் பகை அதற்கு அந்நியமானதன்று. அதனை ஒத்ததே என்பது இதனாற் புலனாகின்றது.

பழையது புதியதைத் தடுப்பதும் உண்டு. 1957இல் அண்டர்வுட் முன்னைய ஆய்வுகளைத் தொகுத்து நோக்கினார். ஒரேயொரு பட்டியலைக் கற்றோர் ஒரு நாளில் ஏறத்தாழக் காற்பங்கினையே மறந்தனர். முன்னரே பல பட்டியல்களைக் கற்றிருந்தோர் முக்காற்பங்கினை மறந்தனர். எண்ணற்ற வரிசைகளை மனனஞ் செய்திருந்த எபிங்ஹவுஸ் அவ்வளவு விரைவில் மறந்தமைக்கு அவரது முன்னைய உழைப்பே பெருங் காரணம் எனலாம்.

இவ்வாய்வுகளின் எல்லையையும் நாம் சுட்டுதல் வேண்டும். தனித்தீவின் றொபின்சன் குரூசோவிலிருந்து தொடங்கும் பொருளியலாளரை மார்க்ஸ் எள்ளினார். தனியறையில் பொருளற்ற அசைகளை உருப்போடும் மனிதனும் அத்தகையவனே. 1932இலேயே கேம்பிறிட்ஜைச் சேர்ந்த பார்ட்லெற் அசைகளை விடுத்துக் கதைகளைக் கொண்டு ஆராய்ந்தார். வட அமெரிக்கப் பூர்வீகக் குடிகளின் கதையொன்றைப் படித்த ஆங்கிலேயர், அதனைத் தமது பண்பாட்டுக்கு இசைய மாற்றியே திருப்பிக் கூறினர். நினைவுகூர்பவன் சமூக மனிதன் என்பது இதனாற் பெறப்பட்டது.

இவ்விரு ஆய்வுமரபுகளும் சந்திக்கும் இடத்திலேயே வினா கூர்மையடைகின்றது. 1978இல் எலிசபெத் லொவ்ரஸ் குழுவினர் வீதி விபத்தொன்றின் படங்களைச் சிலருக்குக் காட்டிப் பின்னர் வினாக்களை விடுத்தனர். வினாவொன்றில் வீதிக் குறியீடு மாற்றிக் கூறப்பட்டபோது, பலர் அம்மாற்றுக் குறியீட்டையே கண்டதாகக் கூறினர். பழைய நினைவு அழிந்ததா, அன்றி மறைந்து நின்றதா என்பது பின்னர் விவாதத்துக்குள்ளாயிற்று. ஆயினும் புதியதை வழங்கியவர் வினா விடுக்கும் நிலையிலிருந்தவரே என்பதில் ஐயமில்லை.

ஆய்வுகூடத்து முடிவுகளைச் சமூகத்தின் மீது இயந்திரரீதியாகப் பொருத்துதல் தவறாகும். எனினும், ‘மக்கள் காலப்போக்கில் மறந்துவிட்டனர்’ என்ற கூற்றை இனி நாம் எளிதில் ஏற்றல் இயலாது. இடைப்பட்ட காலத்தில் அவர்களுக்கு எவை சொல்லப்பட்டன, எத்தனை முறை சொல்லப்பட்டன, சொன்னவர் யாவர் என்றே நாம் வினவுதல் வேண்டும். மௌனத்தால் மூடப்பட்ட நிகழ்ச்சி பிறிதொரு நாள் மீட்கப்படலாம். அதனைப் போலவே தோன்றும் வேறொரு கதை அதனிடத்தில் அமர்ந்துவிடின், மீட்கவேண்டியது ஒன்று உண்டு என்ற உணர்வே இல்லாது போகும். எனவே மூல ஆவணங்களையும் வாய்மொழிச் சான்றுகளையும் பேணுதல் பழமை விருப்பத்தின்பாற் பட்டதன்று. அது வரலாற்று ஆய்வாளரின் இன்றியமையாத கடமையாகும்.